எட்டு முறை விழாத ஜாடி

பதினோரு நிமிடம் ஓடுகிற படம் அது. அதற்காக நான் ஒரு குட்டியானை வண்டியில் நாற்பத்திரண்டு முறை ஏறினேன், நாற்பத்தொரு முறை இறங்கினேன். மிச்சம் ஒரு முறை இறங்கவில்லை, விழுந்தேன். எழுபத்தாறு வயதில் சுமை வண்டியின் பின்பக்கத்திலிருந்து விழுவதில் என்ன தத்துவம் இருக்கிறது என்று இன்றுவரை எனக்கு யாரும் விளக்கவில்லை. படத்தை எடுத்த என் மருமகளும் விளக்கவில்லை. என் முழங்காலில் ஒட்டியிருந்த மண்ணைத் தட்டிவிட்டு, "மாமா, இப்ப விழுந்தீங்கள்ல, அந்த மொகத்தோடவே இன்னொரு தடவ ஏறுங்க" என்றாள்.

அவள் தனியார் பள்ளி ஒன்றில் ஆங்கிலம் எடுக்கிறவள். வயது முப்பத்து நான்கு. கல்யாணம் ஆகி ஒன்பது வருடம். பிள்ளை இல்லை. அதைப் பற்றி எங்கள் தெருவில் அவளிடம் நேராகக் கேட்டவர்கள் பதினான்கு பேர். என்னிடம் கேட்டவர்கள் ஐந்து பேர். என் மகனுக்குச் சுரங்கத்தில் ஷிப்ட் வேலை. என் மனைவி போய் ஏழு வருடம் ஆகிறது. வீட்டில் நாங்கள் மூன்று பேர், அவன் பாதி நாள் இருப்பதில்லை என்பதால் சராசரியாக இரண்டரைப் பேர்.

வடக்கே ஒரு திரைப்படக் கல்லூரி இருக்கிறது. அங்கே இடம் கேட்டு எழுதுகிறவர்கள் சொந்தமாக எடுத்த குறும்படம் ஒன்றை அனுப்ப வேண்டும். வயது வரம்பு முப்பத்தைந்து. அவளுக்கு இதுதான் கடைசி ஆண்டு. திங்கட்கிழமை மாலை ஐந்து மணிக்குள் படம் போய்ச் சேராவிட்டால் அதோடு முடிந்தது. அதற்குப் பிறகு படம், கேமரா என்று வீட்டில் பேசுவதில்லை என்று அவளே என் மகனிடம் சொல்லியிருந்தாள். அவன் கேட்காமலே சொன்னாள். அதனால்தான் அவனுக்குப் பயம் வந்தது என்று நினைக்கிறேன். அந்த வாரம் முழுக்க அவளைவிட அவன்தான் அதிகம் நகம் கடித்தான்.

எனக்கு இதில் வேலையே கிடையாது. நல்லூர்ப் பக்கத்தில் நாடகம் ஆடிப் பழகிய பெரியவர் ஒருவரைத்தான் பேசி வைத்திருந்தாள். சனிக்கிழமை காலை ஆறு பத்துக்கு அவரிடமிருந்து போன் வந்தது. முட்டி வீங்கிவிட்டதாம். ஆறு பன்னிரண்டுக்கு அவள் என் அறை வாசலில் நின்றாள்.

"மாமா, நீங்க ஒண்ணும் நடிக்க வேணாம். சும்மா ஒக்காந்திருந்தா போதும்."

"சும்மா ஒக்காந்திருக்கத்தான் நான் இங்க இருக்கேனே. அத எதுக்கு வண்டியில போயி செய்யணும்?"

"கதையே வண்டியிலதான் மாமா."

கதையைச் சொன்னாள். ஒரு ஆள் விரிசல் விட்ட பீங்கான் ஜாடி ஒன்றை எடுத்துக்கொண்டு விருத்தாசலத்திலிருந்து கிளம்புகிறான். கம்மாபுரம் வழியாகச் சேத்தியாத்தோப்பு போய், வெள்ளாற்றில் அந்த ஜாடியில் தண்ணீர் மொள்ளப் போகிறான். வழியெல்லாம் யோசிக்கிறான். அவ்வளவுதான்.

"ஓட்ட ஜாடியில மொண்டா தண்ணி வூடு வந்து சேருமா?"

"அதாங் மாமா கேள்வி."

"கேள்வி சரி. பதில்?"

"பதில் கெடையாது."

வண்டி ஓட்டுகிறவர் அப்போதுதான் வந்து வாசலில் நின்று கேட்டுக்கொண்டிருந்தார். ஐம்பது வயது இருக்கும். பீங்கான் சரக்கு ஏற்றிப் பழகியவர். "எங்கிட்ட ஒரு பிளாஸ்டிக் கொடம் கெடக்குதும்மா" என்றார். "அத வெச்சிக்கிட்டா அஞ்சி நிமிசத்துல படம் முடிஞ்சிடும்."

யோசனைகளை அவள் நான்கு தாளில் எழுதி வைத்திருந்தாள். பின்னால் குரலாகச் சேர்ப்பதற்கு. புறப்பட்டவனும் போய்ச் சேர்பவனும் ஒரே ஆள்தானா. தண்ணீர் நிற்காத ஜாடியை ஜாடி என்று எதற்காகச் சொல்ல வேண்டும். பாதை போகிறதா, நாம் போகிறோமா. நான் எண்ணிப் பார்த்தேன். இருபத்து மூன்று கேள்விக்குறி. முற்றுப்புள்ளி நான்கு. கட்டுரைப் போட்டியாக இருந்தால் நான் மார்க் குறைத்திருப்பேன்.

கேமரா பிடித்தவள் மருமகளோடு கல்லூரியில் படித்த பெண். கல்யாண வீடியோ எடுப்பது அவள் தொழில். அதனால் அவளுக்கு ஒரு வழக்கம்: யாரைப் பார்த்தாலும் "கொஞ்சம் சிரிங்க" என்பாள். மருமகள் உடனே "சிரிக்கக் கூடாது மாமா" என்பாள். இந்த இரண்டுக்கும் நடுவில் என் முகம் என்ன செய்தது என்பது படத்தில் இரண்டாவது நிமிடத்தில் இருக்கிறது. பார்க்கிறவர்கள் அதைத் துயரம் என்கிறார்கள்.

ஜாடியைப் பற்றிச் சொல்ல வேண்டும். இரண்டு லிட்டர் ஊறுகாய் ஜாடி. வெள்ளை. வயிற்றில் ஒரு நீலப் பூ. பூவுக்கு வலப்பக்கம் கழுத்திலிருந்து ஒரு விரிசல் சாய்வாக இறங்கி, நான்கு விரல்கடை நீளம் வந்து நின்றது. அவள் பீங்கான் தொழிற்பேட்டையில் மூன்று நாள் அலைந்து அதைத் தேடிப் பிடித்திருந்தாள். விரிசல் தெரிய வேண்டும், ஆனால் ஜாடி முழுசாக நிற்க வேண்டும், தண்ணீர் மெதுவாகக் கசிய வேண்டும். அந்த மாதிரி ஒன்றுதான் அமைந்தது.

முப்பத்து நான்கு வருடம் நான் பீங்கான் தொழிற்சாலை ஒன்றின் செக்கிங் பிரிவில் இருந்தவன். விரிசல் ஜாடியை மடியில் வைத்துக்கொண்டு ஊர் பார்க்க உட்கார்ந்திருப்பது எனக்கு எப்படி இருந்திருக்கும் என்று அந்தத் துறையில் இருந்தவர்களுக்குத்தான் தெரியும். பேட்டை வழியாக வண்டி போனபோது தெரிந்தவர் யாரும் பார்த்துவிடக் கூடாதே என்று பூவை என் வயிற்றுப் பக்கம் திருப்பிக்கொண்டேன்.

"மாமா, பூவ வெளிய காட்டுங்க."

காட்டினேன்.

கம்மாபுரம் போவதற்குள் பதினேழு வேகத்தடை. ஒவ்வொன்றிலும் நான் ஜாடியைக் காப்பாற்றினேன். என்னைக் காப்பாற்ற யாரும் இல்லை. கம்மாபுரம் தாண்டி, சுரங்கத்துக்காக ஆட்கள் காலி செய்துவிட்டுப் போன வீடுகள் ஏழு வரிசையாக நின்ற இடத்தில் வண்டியை நிறுத்தச் சொன்னாள். கூரை இல்லாத சுவரை நான் பார்க்க வேண்டும். எவ்வளவு நேரம் என்று கேட்டேன். "அலுக்குற வரைக்கும்" என்றாள். எனக்கு முதல் நொடியிலேயே அலுத்துவிட்டது. ஆனால் அவள் நான்கு நிமிடம் எடுத்தாள்.

கேமராவுக்கு மூன்று கால் தாங்கி வைத்திருந்தார்களா, அதைப் பார்த்துவிட்டு வரிசையாக மூன்று பைக் வந்து நின்றன. முதல் பைக்கில் இருந்தவர் இறங்கவே இல்லை.

"நெலம் அளக்க வந்தீங்களா?"

"இல்லிங்க, படம் எடுக்குறோம்" என்றாள் மருமகள்.

"போன தடவ வந்தவங்களும் அப்படித்தாங் சொன்னாங்க. அப்பறம் கல்லு நட்டுட்டுப் போனாங்க." என்னைப் பார்த்தார். "ஜாடி எதுக்கு? மண்ணு எடுத்துட்டுப் போவவா?"

"தண்ணி எடுக்க" என்றேன். "சேத்தியாத்தோப்புல."

அவர் ஜாடியைப் பார்த்தார், விரிசலைப் பார்த்தார். பின்னால் இருந்தவரிடம், "அளக்க வந்தவங்க இல்லடா, பாவம்" என்று சொல்லிவிட்டு வண்டியைக் கிளப்பிக்கொண்டு போனார். மற்ற இரண்டு பைக்கும் பின்னாலேயே போயின. ஒரு பகல் முழுக்க எங்கள் படத்தைப் புரிந்துகொண்ட ஒரே ஆள் அவர்தான் என்று வண்டிக்காரர் சொன்னார்.

பதினொன்று நாற்பதுக்கு ஒரு டீக்கடையில் நிறுத்தினோம். மருமகள் கடை ஓரம் நின்று போனில் என் மகனிடம் பேசிக்கொண்டிருந்தாள். கேமராப் பெண் என் எதிரில் உட்கார்ந்து வடையைப் பிய்த்தபடி, "மூணு வருசம் சீக்கிரம் ஓடிடும் அங்கிள், நீங்க ஒண்ணும் கவலப்படாதீங்க" என்றாள்.

"எது மூணு வருசம்?"

"படிப்புதான். அங்கயே ஆஸ்டல்."

ஒரு வருடப் படிப்பு என்றுதான் வீட்டில் பேச்சு. அல்லது ஒரு வருடம் என்று நானாக நினைத்துக்கொண்டேன், யாரும் திருத்தவில்லை. மகனுக்குத் தெரிந்திருக்கிறது. அவர்களுடைய சிநேகிதிக்குத் தெரிந்திருக்கிறது. அந்தப் பெண்ணுக்கு என் முகத்தைப் பார்த்ததும் தப்பாகச் சொல்லிவிட்டோம் என்று புரிந்து, வடையை அவசரமாக விழுங்கினாள்.

எனக்கு ஒரு நாளைக்கு ஆறு மாத்திரை. மனைவி போன பிறகு அவற்றை எடுத்துக் கிண்ணத்தில் வைத்துக் கொடுப்பவள் மருமகள். நானே எடுத்துப் போடலாம்தான். இரண்டு முறை நானே போட்டுக்கொண்டதில் ஒரு முறை காலை மாத்திரையை இரவிலும் போட்டு, ஆஸ்பத்திரியில் இரண்டு நாள் கிடந்தேன். மூன்று வருடம் என்றால் ஆயிரத்துத் தொண்ணூற்றைந்து நாள். ஆறாயிரத்து ஐந்நூற்று எழுபது மாத்திரை. நடுவில் லீப் வருடம் வந்தால் இன்னும் ஆறு. டீ ஆறும் வரை இந்தக் கணக்கைப் போட்டேன். ஆறிய டீயைக் குடித்தேன்.

அதற்கு அப்புறம் ஒரு மதகுக் கட்டை. இரண்டு பக்கமும் நெல் வயல். அந்தக் கட்டையில் நான் உட்கார்ந்து ஜாடியைத் தட்டிப் பார்க்க வேண்டும் என்றாள்.

"நீங்க வேலையில தட்டிப் பாப்பீங்கள்ல மாமா, அத அப்படியே செய்ங்க."

நாங்கள் தட்டுகிற விதம் இது. ஜாடியின் கழுத்தை இடக்கையில் பிடித்துத் தொங்கவிட்டு, வலக்கை நடுவிரல் கணுவால் வயிற்றில் தட்ட வேண்டும். கணீரென்றால் வலப்பக்கப் பலகையில் வைக்க வேண்டும். மொத்தையாக டொக் என்றால் உள்ளே விரிசல். இடக்கையை அப்படியே விரித்துவிட வேண்டும். கீழே சிமெண்டுத் தொட்டி இருக்கும், ஜாடி அதில் விழுந்து நொறுங்கும். ஓரமாக எடுத்து வைப்பது, அப்புறம் பார்க்கலாம் என்பது எல்லாம் கிடையாது. ஓரமாக வைத்த ஜாடி சாயந்தரம் நல்ல ஜாடியோடு கலந்துவிடும் என்பதால் ஏற்பட்ட வழக்கம். நாளைக்கு நானூறு, ஐந்நூறு உருப்படி. கை யோசிக்காது.

முதல் முறை தட்டினேன். டொக். பஸ் ஹாரன் அடித்துக்கொண்டு போனதால் மறுபடி எடுக்க வேண்டும் என்றாள். இரண்டாவது முறை மேகம் மறைத்தது. மூன்றாவது, வண்டிக்காரரின் போன் பாட்டுப் பாடியது. நான்காவது, நான் கேமராவைப் பார்த்துவிட்டேனாம். ஐந்தாவது, சட்டைப் பித்தான் திறந்திருந்தது. ஆறாவது, ஓர் ஆடு. ஏழாவது எதற்கென்று எனக்கே சொல்லவில்லை. இரண்டு பெண்களும் கேமராவுக்குள் பார்த்து உதட்டைப் பிதுக்கினார்கள். எட்டாவதில் நான் "எட்டு" என்று வாய்விட்டுச் சொல்லிவிட்டேன்.

ஒன்பதாவது முறை பஸ் இல்லை, மேகம் இல்லை, ஆடு இல்லை. தட்டினேன். டொக் என்றது. இடக்கையை விரித்துவிட்டேன்.

மதகின் கருங்கல் மேல் விழுந்து ஜாடி பெரிய துண்டுகளாக ஏழும், சில்லுகளாக எண்ண முடியாத அளவிலும் போயிற்று.

கேமராப் பெண் கேமராவை நிறுத்தவும் மறந்து நின்றாள். மருமகள் கேமரா பக்கத்திலிருந்து வந்து, துண்டுகளைத் துப்பட்டாவில் பொறுக்கினாள். பொறுக்கிக்கொண்டே, தலை நிமிராமல் கேட்டாள்.

"மாமா, நான் போவக் கூடாதுன்னு போட்டீங்களா?"

"பழக்கம்மா" என்றேன். "முப்பத்து நாலு வருசப் பழக்கம். டொக்குனு கேட்டா கை வுட்டுடும். நீதான் வேலையில செய்யுற மாதிரி செய்யச் சொன்ன."

"சரி மாமா."

வண்டிக்காரர் பீடியைக் காலில் போட்டு மிதித்தார். "எட்டுத் தடவ வராத பழக்கம் ஒம்பதாவது தடவ எப்படிங்க ஐயா வந்துச்சு?" என்றார். சும்மா தெரிந்துகொள்ளக் கேட்கிறவர் போலத்தான் கேட்டார்.

"கை அசந்து போச்சி" என்றேன்.

ஆற்றில் எடுக்க வேண்டியது முழுவதும் மிச்சம். ஜாடி இல்லாமல் ஆற்றுக்குப் போய் என்ன செய்வது? வண்டியைத் திருப்பினோம். பதினேழு வேகத்தடையும் திரும்பி வந்தன. மடியில் வைத்துக் காப்பாற்ற ஒன்றும் இல்லாததால் இந்த முறை கைப்பிடியைப் பிடித்துக்கொள்ள எனக்கு இரண்டு கையும் இருந்தது.

அன்று மாலை மகன் வேலை முடிந்து வந்தான். கைகால் கழுவினான். என் எதிரில் வந்து உட்கார்ந்தான்.

"பழக்கம்னு சொன்னீங்களாமே."

"ஆமாம்."

"ரிட்டையராயி பதினெட்டு வருசம் ஆவுது. இந்தப் பதினெட்டு வருசத்துல நம்ப வூட்டுல எத்தன கப்பு சாசரத் தட்டிப் பாத்து கீழ போட்டீங்க? கணக்கு வெச்சிருப்பீங்களே, சொல்லுங்க."

எனக்கு வந்த கோபத்தில் கணக்கும் வரவில்லை. படிப்பு மூன்று வருடம் என்று என்னிடம் ஏன் சொல்லவில்லை என்று கேட்கலாம் என்றிருந்தேன். கேட்டால் டீக்கடையில் எனக்குத் தெரிந்துவிட்டது என்று ஆகும். தெரிந்துவிட்டது என்று ஆனால் ஒன்பதாவது தடவைக்குக் காரணம் கிடைத்துவிடும். வாயை மூடிக்கொண்டு தொலைக்காட்சியில் செய்தி பார்த்தேன்.

சாப்பாட்டுக்கு அப்புறம் அவள் கிண்ணத்தில் மாத்திரை கொண்டுவந்து வைத்தாள். தண்ணீர் வைத்தாள். "வெள்ள மாத்திர புதுசு மாமா, கம்பெனி மாத்திட்டாங்க, அளவு அதேதான்" என்றாள். அழுதிருந்தால், திட்டியிருந்தால் நானும் நாலு வார்த்தை பேசியிருப்பேன். அவள் வழக்கமாகச் செய்வதைச் செய்துவிட்டுப் போனாள். அதுதான் எனக்குப் பொறுக்கவில்லை.

ஞாயிறு காலை ஏழு மணிக்கு யாரிடமும் சொல்லாமல் தொழிற்பேட்டைக்கு நடந்தேன். ஞாயிறு என்பதால் பெரும்பாலும் பூட்டு. ஒன்பதாவது ஷெட்டில் மட்டும் ஆள் இருந்தார். அதன் முதலாளி ஒரு காலத்தில் எங்கள் தொழிற்சாலையில் வார்ப்புப் பிரிவில் இருந்தவர். அவர் வார்த்த ஜாடிகளில் எத்தனையை நான் தொட்டியில் போட்டிருப்பேன் என்று எனக்குக் கணக்கு இல்லை. அவரிடம் இருந்தது.

"சாரு, வாங்க வாங்க. ஒரே நாள்ல எண்பத்தாறு ஜாடி போட்டு ஒடச்சீங்க, ஞாபகம் இருக்குதா?"

"இல்ல."

"எனக்கு இருக்குது. என்னா வேணும்?"

"ரெண்டு லிட்டரு ஜாடி. நீலப் பூ போட்டது. விரிசலோட."

அவர் கையில் இருந்த டீ கிளாசைக் கீழே வைத்தார். என்னைக் கொஞ்ச நேரம் பார்த்தார். "இன்னொரு தடவ சொல்லுங்க சார்" என்றார். "காதுல நல்லா விழட்டும்."

இன்னொரு முறை சொன்னேன். மூன்றாவது முறையும் சொல்லவைத்தார்.

விரிசல் ஜாடி அவரிடம் இல்லை. நல்ல ஜாடி ஏழு இருந்தது. விரிசலை நாமே உண்டாக்க வேண்டியதுதான். சூடேறிய பீங்கானில் ஈரம் பட்டால் விரியும்; எந்த வீட்டுச் சமையலறையிலும் நடக்கிற விஷயம். ஆனால் வேண்டிய இடத்தில், வேண்டிய நீளத்தில், ஜாடி பிளக்காமல் விரியவைப்பது வேறு. எப்படி வராமல் தடுப்பது என்றுதான் முப்பத்து நான்கு வருடம் படித்திருந்தேன். அதைத் திருப்பிப் போட்டுப் பார்த்தேன். கேஸ் பர்னரில் ஒரு பக்கத்தை மட்டும் காட்டிச் சூடேற்றி, ஈரத் துணியின் முனையால் கழுத்திலிருந்து ஒரு கோடு இழுத்தேன்.

முதல் ஜாடி இரண்டாகப் பிளந்தது. இரண்டாவதில் ஒன்றும் நடக்கவில்லை. மறுபடி சூடேற்றியதும் அடி கழன்று விழுந்தது. மூன்றாவதில் விரிசல் வயிற்றைச் சுற்றி ஒட்டியாணம் போல ஓடியது. நான்காவதைச் சூடாக்கும்போதே முதலாளி, "சார், கொஞ்சம் கம்மியா காட்டுங்க" என்றார். நான் கேட்கவில்லை. அதுவும் போயிற்று. ஐந்தாவதில் அவர் சொன்னபடி குறைவாகக் காட்டினேன். விரிசல் வந்தது, ஒரு விரல்கடையோடு நின்றுவிட்டது, கசியவில்லை. ஆறாவது கை தவறி உடைந்தது. இது உண்மையிலேயே கை தவறியது.

ஏழாவதை எடுக்கும்போது அவர் சிரிப்பதை நிறுத்தியிருந்தார். துணியை அவரே நனைத்துப் பிழிந்து கொடுத்தார். டிக் என்று சின்னச் சத்தம். சாய்வாக, நான்கு விரல்கடைக்குக் கொஞ்சம் கூட. தண்ணீர் ஊற்றினோம். மெதுவாகக் கசிந்தது.

"வந்துடுச்சி சார்" என்றார்.

நான் ஜாடியைத் திருப்பிப் பார்த்தேன். விரிசல் பூவுக்கு இடப்பக்கம் இருந்தது. பழையதில் வலப்பக்கம். ஆறு ஜாடிகளில் கவனமாக வலப்பக்கத்தைக் காட்டிய நான், பதற்றத்தில் ஏழாவதை மாற்றிப் பிடித்திருக்கிறேன். எட்டாவது ஜாடி கிடையாது.

வீட்டுக்குக் கொண்டுவந்தேன். பத்தரை மணி. கேமராப் பெண் மாதா கோயிலில் ஞாயிறு பூசை முடித்து அப்போதுதான் வந்திருந்தாள். அவளுக்கு மாலையில் ஒரு கல்யாண வரவேற்பு. மூன்று மணிக்கு மேல் இருக்க முடியாது. ஜாடி இல்லாமல் என்ன செய்வது என்று இரண்டு பேரும் கூடத்தில் உட்கார்ந்து பேசிக்கொண்டிருந்தார்கள். நடுவில் ஜாடியை வைத்தேன்.

மருமகள் விரிசலை விரலால் தொட்டுப் பார்த்தாள். "எங்க மாமா கெடச்சிது?"

"கெடைக்கல. செஞ்சேன். பக்கம் மாறிடுச்சி. பாக்குறவனுக்குத் தெரிஞ்சிடும்."

"தெரிஞ்சா தெரியட்டும்" என்று எழுந்துவிட்டாள். "கெளம்புங்க."

வெள்ளாற்றில் ஒரு பக்கமாகத்தான் தண்ணீர் ஓடியது. ஒன்று நாற்பதுக்கு முழங்கால் அளவு நீரில் இறங்கி நின்றேன். செருப்புக்குள் மணல். மொண்டு, ஜாடியை நெஞ்சுக்கு நேரே பிடித்துக்கொண்டு, தண்ணீர் முழுவதும் வடியும் வரை நிற்க வேண்டும். பாதி வடிந்ததும் ஜாடியை ஒரு முறை மாற்றிப் பிடித்தேன். கரையிலிருந்து வண்டிக்காரர், "ஐயா, பழக்கம் வந்துடப் போவுது, கெட்டியா புடிங்க" என்று குரல் கொடுத்தார். மருமகள் அவரை அதட்டினாள், ஆனால் அவளும் சிரித்துவிட்டாள். முந்தின நாள் மதகுக்குப் பிறகு அவள் சிரித்தது அதுதான் முதல் தடவை. ஜாடி காலியாக ஒன்பது நிமிடம் ஆயிற்று. அவ்வளவையும் எடுத்துவிட்டுப் படத்தில் நாற்பது நொடிதான் வைத்திருக்கிறாள். மீதி எட்டு நிமிடம் இருபது நொடி நான் ஆற்றில் யாருக்காக நின்றேன் என்று கேட்டால், அதுவும் ஒரு கேள்விதான் என்கிறாள்.

திங்கட்கிழமை நாலு நாற்பத்திரண்டுக்குப் படம் போய்ச் சேர்ந்தது. பதினெட்டு நிமிடம் பாக்கி.

ஒன்றரை மாதம் கழித்து நேர்காணலுக்குக் கூப்பிட்டார்கள். போய்விட்டு வந்து சொன்னாள். நாற்காலியில் ஐந்து பேர் உட்கார்ந்திருந்தார்களாம். அதில் ஒருவர், முதலில் பூவுக்கு வலப்பக்கம் இருக்கும் விரிசல் ஆற்றில் இடப்பக்கம் இருக்கிறதே, புறப்பட்ட ஜாடியும் போய்ச் சேர்ந்த ஜாடியும் ஒன்றல்ல என்று காட்டத்தானே அப்படி எடுத்தீர்கள் என்று கேட்டாராம்.

"நீ என்னாம்மா சொன்ன?"

"ஆமாங்கன்னு சொல்லிட்டேன் மாமா."

எனக்கு வந்த ஆத்திரம் கொஞ்சநஞ்சம் இல்லை. ஒரு ஆள் பதற்றத்தில் செய்த தப்பைத் தத்துவம் என்று எழுதிக்கொள்கிற இடத்தில் மூன்று வருடம் போய் என்ன படிக்கப்போகிறாள்? இதை நான் மகனிடம் சொன்னேன். அவன், "உங்களாலதாங் எடம் கெடைக்கப் போவுது, பேசாம இருங்க" என்றான். அவன் சொன்னபடியே கிடைத்தது.

அவள் கிளம்பிய நாள் ஜங்ஷனில் பகல் ரயில் முப்பத்தைந்து நிமிடம் தாமதம். மூன்று பெட்டி, இரண்டு பை. மகன் தண்ணீர் பாட்டில் வாங்கப் போயிருந்தான். நானும் அவளும் சிமெண்டு பெஞ்சில் உட்கார்ந்திருந்தோம். மாத்திரைக்கு ஏழு நாள் டப்பா வாங்கி, பெயர் ஒட்டி, மகனுக்குப் பழக்கிவிட்டிருந்தாள். அதை நான்காவது முறையாக என்னிடம் விளக்கினாள். விளக்கி முடித்ததும் சொன்னேன்.

"அன்னிக்கு மதகுல போட்டது பழக்கம் இல்லம்மா."

அவள் என் பக்கம் திரும்பினாள்.

"தொழிற்சாலையில தட்டுறதுக்கும் வுடுறதுக்கும் நடுவுல நேரமே கெடையாது. அன்னிக்கி இருந்துச்சு. ரெண்டு எண்ணுற நேரம் இருந்துச்சு. எண்ணிட்டுதாங் வுட்டேன். மூணு வருசம்னு டீக்கடையில அந்தப் பொண்ணு சொல்லிடுச்சி."

"தெரியும் மாமா."

"எப்படித் தெரியும்? அந்தப் பொண்ணு சொன்னாளா?"

"கேமரா ஓடிக்கிட்டுதான மாமா இருந்துச்சு. அன்னிக்கே வூட்டுக்கு வந்து போட்டுப் பாத்தேன். தட்டுறீங்க, கேக்குறீங்க. அப்பறம் என்னயப் பாக்குறீங்க. அப்பறம் வுடுறீங்க." பையின் ஜிப்பைத் திறந்தாள், மூடினாள். "மூணு வருசம்னு நாங்க மொதல்லயே சொல்லியிருக்கணும். தப்புதான்."

அப்படியானால் அன்று இரவு கிண்ணத்தில் மாத்திரை வைத்தபோதே அவளுக்குத் தெரிந்திருக்கிறது. ஞாயிறு காலை கூடத்தில் ஜாடியை வைத்தபோதும் தெரிந்திருக்கிறது. நான் இரண்டரை மாதம் வாயைக் கட்டிக்கொண்டு திரிந்ததெல்லாம் வீண்.

"படத்துல அத வெக்கலியே நீ."

"அது படத்துல வர்ற ஆளு இல்ல மாமா. நீங்க." கொஞ்ச நேரம் தண்டவாளத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். "அப்பறம், ரெண்டு இல்ல. அஞ்சி செகண்டு."

"ரெண்டுதான்."

"அஞ்சி மாமா. கீழ டைம் ஓடுதுல்ல, பாத்தேன்."

அதை என்னால் ஒப்புக்கொள்ள முடியவில்லை. வாழ்நாள் முழுக்க எண்ணியவன், இரண்டுக்கும் ஐந்துக்கும் வித்தியாசம் தெரியாமல் போவேனா. மகன் பாட்டிலோடு வந்தான். ரயில் வருவதாக அறிவித்தார்கள். அவன் பெட்டியைத் தூக்கினான், அவள் எழுந்து பையை மாட்டினாள்.

"எதுலேர்ந்து எண்ணுன?" என்றேன்.

"தட்டுனதுலேர்ந்து."

"அதானே பாத்தேன். தட்டி, சத்தத்தக் கேக்க மூணு. மிச்சம் ரெண்டு."

"சரி மாமா, ரெண்டு" என்று சொல்லிவிட்டு ஏறினாள்.